தோற்றுக் காட்டிய வித்தைக்காரர்கள்

1964 பிப்ரவரி 9, ஞாயிறு இரவு எட்டு மணி. நியூயார்க் பிராட்வேயில் உள்ள அரங்கிலிருந்து சிபிஎஸ் தொலைக்காட்சியின் 'எட் சல்லிவன் ஷோ' தொடங்கியது. பீட்டில்ஸ் குழு அந்த மேடையில் முதன்முதலாக ஏறிய இரவு அது, சுமார் 7.3 கோடி பேர் பார்த்ததாகக் கணக்கு. மூன்று பாட்டுகளைப் பாடி, அரங்கிலிருந்த இளம்பெண்களைத் தொண்டை கிழியக் கத்தவைத்துவிட்டு நால்வரும் உள்ளே போனார்கள். அதற்கடுத்து திரையில் வந்தவர் ஃபிரெட் கேப்ஸ் என்ற டச்சுக்காரர். பீட்டில்ஸைத் தொடர்ந்து வந்து சீட்டுக்கட்டைக் கலைப்பதைவிடப் பாவப்பட்ட வேலை தொலைக்காட்சி வரலாற்றில் இன்னொருவருக்கு வாய்த்திருக்குமா என்பது சந்தேகம்.

மேஜிக் உலகில் கேப்ஸ் சாமானியர் அல்லர். சர்வதேச மேஜிக் சங்கங்களின் கூட்டமைப்பு நடத்தும் உலகப் போட்டியின் தலைமைப் பரிசை 1950, 1955, 1961 என மூன்று முறை வென்றவர். அன்று அவர் செய்த வித்தைகளில் ஒன்று உப்பு வித்தை. உப்பைக் கைமுட்டிக்குள் கொட்டுகிறார், அது மறைகிறது. பிறகு கையிலிருந்து உப்பு ஒழுகத் தொடங்குகிறது, ஒழுகிக்கொண்டே இருக்கிறது. வாத்தியக் குழு முடிவுக்கு வந்தும் உப்பு நிற்பதாக இல்லை. கேப்ஸ் தன் கையைப் பார்க்கிறார், சபையைப் பார்க்கிறார். தான் ஏவிய வித்தை தன் சொல்லைக் கேட்காமல் ஓடுவதைப் பார்த்துச் சங்கடப்படும் மனிதரின் முகம் அது. வியப்பில் வாய்பிளக்க வேண்டிய இடத்தில் சபை சிரிக்கிறது.

வித்தைக்காரர் தன் வித்தையிடமே தோற்பது என்ற இந்த உத்தியை 1950கள் முதல் 1980கள் வரையிலான தொலைக்காட்சிப் பல்சுவை நிகழ்ச்சிகள் விடாமல் பிடித்துக்கொண்டன. அதற்கு வலுவான தொழில் காரணங்கள் இருந்தன.

முதல் காரணம் மேடை நிர்வாகம். எட் சல்லிவன் நிகழ்ச்சி 1948 முதல் 1971 வரை, பெரும்பாலும் நேரலையாக, ஓடியது. ஓப்ரா பாடகி, தட்டுச் சுழற்றுபவர், கரணம் போடும் குடும்பம், பிராட்வே நாடகக் காட்சி என்று ஒரே மணி நேரத்தில் எல்லாம் வந்தாக வேண்டும். ஒரு காட்சிக்கும் அடுத்ததற்கும் இடையே அரங்க அமைப்பை மாற்ற நேரம் வேண்டும். திரையை இறக்கிவிட்டு, அதற்கு முன்னால் ஐந்தாறு நிமிடம் சபையைக் கட்டிப்போட ஓர் ஆள் தேவை. வோடவில் எனப்பட்ட பழைய அமெரிக்கக் கதம்ப மேடைகளிலிருந்தே வந்த வழக்கம் இது. ஒரு மேசை, ஒரு பெட்டி, ஒரு வாய் போதும் என்று வரும் சிரிப்பு வித்தைக்காரர் அந்த இடத்துக்குக் கச்சிதமாகப் பொருந்தினார்.

இரண்டாவது காரணம் இன்னும் ஆழமானது. வோடவில் காலத்தில் ஒரு கலைஞர் பத்து நிமிட உருப்படி ஒன்றை வைத்துக்கொண்டு ஊர் ஊராகப் போய் ஆண்டுக்கணக்கில் பிழைக்கலாம். தொலைக்காட்சியில் அதை ஒருமுறை காட்டினால் நாடு முழுக்கப் பார்த்துவிடும். ரகசியத்தை நம்பிய வித்தை, இரண்டாவது முறை பார்க்கும்போது பாதி செத்துவிடுகிறது. தோல்விக்கு இந்தக் கஷ்டமே இல்லை. பாத்திரம் பிடித்துப்போனால் அதே ஆள் அதே இடத்தில் அதே மாதிரி தடுமாறுவதை நூறாவது முறையும் பார்க்கலாம். என்ன நடக்கும் என்று முன்கூட்டியே தெரிவதுதான் அங்கே சுவை.

இதற்கு கார்ல் பாலன்டைனே போதுமான சான்று. சிகாகோவில் 1917இல் மேயர் கெஸ்லர் என்ற பெயரில் பிறந்தவர். விஸ்கி விளம்பரம் ஒன்றில் பார்த்த பெயரை எடுத்து மேடைப் பெயராக வைத்துக்கொண்டார். தொடக்கத்தில் ஒழுங்காகவே மேஜிக் செய்தார். ஏதோ ஒருநாள் வித்தை பிசகியபோது கிடைத்த சிரிப்பு, பிசகாத வித்தைக்குக் கிடைத்த கைத்தட்டலைவிடப் பெரிதாக இருந்தது. அதற்குப் பிறகு அவர் திரும்பிப் பார்க்கவில்லை. வால்கோட்டும் உயரத் தொப்பியுமாக, உலகின் மகா வித்தகர் என்ற தோரணையில் வருவார். கயிற்றில் முடிச்சுப் போடுவார், அவிழாது. செய்தித்தாளைக் கிழிப்பார், கிழிந்தது கிழிந்ததுதான். ஒவ்வொரு தோல்விக்கும் ஒரு நக்கல், உடனே அடுத்த தோல்வி. மன்னிப்புக் கேட்கும் பேச்சுக்கே இடமில்லை. சல்லிவன் நிகழ்ச்சியிலும் மற்ற மேடைகளிலும் ஏறக்குறைய இதே உருப்படியைப் பல பத்தாண்டுகள் செய்தார். 'மெக்கேல்ஸ் நேவி' என்ற தொடரில் 1962 முதல் 1966 வரை சூதாட்டப் பித்துப்பிடித்த கடற்படை வீரராக நடித்தபோதும் மேஜிக் கோட்டைக் கழற்றிவிடவில்லை. 2009இல் இறந்தார்.

பாலன்டைனுக்கும் ஒரு முன்னோடி உண்டு. ஃபிராங்க் வான் ஹோவன் என்பவர் 1910களில் வோடவில் மேடைகளில் சபையிலிருந்து சிறுவர்களை மேலே ஏற்றி, அவர்கள் கையில் பெரிய பனிக்கட்டியைக் கொடுத்துவிட்டு, வித்தையைத் தொடங்காமலே கத்திக்கொண்டு அலைவார். பனிக்கட்டி வழுக்கும், விழும், மேடை குளமாகும். மேஜிக் எங்கே என்று யாரும் கேட்டதில்லை. சரியாகச் செய்யத் தெரியாமல் தோற்றுப்போன இளம் வித்தைக்காரர்தான் அவரும்.

தொலைக்காட்சிக்கு வந்தபோது தோல்விக்குப் புதிதாக இன்னொரு மதிப்பும் சேர்ந்தது. அரங்கில் உட்கார்ந்து பார்ப்பவருக்குத் தன் கண்ணின் மேல்தான் சந்தேகம். வீட்டில் பார்ப்பவருக்குக் கேமராவின் மேல் சந்தேகம். ஒரு ஷாட்டிலிருந்து இன்னொன்றுக்குத் தாவும் நொடியில் எதையும் மாற்றிவிடலாமே! இந்தச் சந்தேகத்தைத் தீர்க்க மேஜிக்காரர்கள் படாத பாடு பட்டார்கள். 1960இல் சிபிஎஸ்ஸில் தொடங்கிய 'தி மேஜிக் லேண்ட் ஆஃப் அலகசாம்' தொடரில் மார்க் வில்சன் தனக்குத் தானே விதி போட்டுக்கொண்டார்: எதிரே சபை இருக்கும், வித்தை நடக்கும்போது கேமரா வேறு பக்கம் போகாது, கேமரா தந்திரம் எதுவும் கிடையாது. இதைப் பார்வையாளருக்குத் திரும்பத் திரும்பச் சொல்லவும் செய்தார். 1975 டிசம்பரில் டக் ஹென்னிங் என்பிசியில் தன் சிறப்பு நிகழ்ச்சியை நேரலையாகவே நடத்தினார். நம்பவைக்க இத்தனை ஏற்பாடு. ஆனால் கயிற்று முடிச்சு அவிழாமல் முழிக்கும் பாலன்டைனைப் பார்த்து, இது கேமரா தந்திரமாக இருக்குமோ என்று எவர் கேட்பார்?

தோல்வி எவ்வளவு எளிதாக நம்பப்படும் என்பதற்கு நகைச்சுவையே கலக்காத ஒரு சம்பவமும் உண்டு. அதன் நாயகர் இந்தியர். 1956 ஏப்ரல் 9 அன்று பிபிசியின் 'பனோரமா' நிகழ்ச்சியில் வங்காளத்தின் பி.சி. சர்க்கார், 17 வயது உதவியாளர் தீப்தி டேயை மேசையில் படுக்கவைத்து மின்ரம்பத்தால் அறுத்தார். பிறகு எழுப்பினார். அந்தப் பெண் எழவில்லை. சர்க்கார் முகத்தில் கவலையோடு கருப்புத் துணியால் அவள் முகத்தை மூடினார். உடனே தொகுப்பாளர் ரிச்சர்ட் டிம்பிள்பி கேமராவுக்கு முன்னால் வந்து நிகழ்ச்சி முடிந்தது என்றார். பிபிசியின் தொலைபேசிகள் அலறின. கண்ணெதிரே கொலை நடந்துவிட்டது என்றே பலர் நம்பினார்கள். நேரம் தீர்ந்துவிட்டதால் முடித்தோம் என்பது பிபிசியின் விளக்கம். பெண்ணுக்கு ஒன்றும் ஆகவில்லை. லண்டன் டியூக் ஆஃப் யார்க் அரங்கில் சர்க்காரின் காட்சிகளுக்கு டிக்கெட் பறந்தது. நேரம் தற்செயலாகத் தீர்ந்ததா, அல்லது கடிகாரத்தைப் பார்த்தே சர்க்கார் ரம்பத்தை எடுத்தாரா என்பது அவரவர் ஊகம். அவர் தேர்ந்த விளம்பரக்காரர் என்பதில் மட்டும் கருத்து வேறுபாடு இல்லை.

தோல்வியையே வாழ்க்கையாக்கிக்கொண்டவர் என்று ஒருவரைச் சொல்ல வேண்டுமானால் டாமி கூப்பரைத்தான் சொல்ல வேண்டும். வேல்ஸ் நாட்டின் கேர்ஃபிலி ஊரில் 1921இல் பிறந்தவர். எட்டு வயதில் அத்தை வாங்கிக் கொடுத்த மேஜிக் பெட்டியில் தொடங்கிய பித்து. ஹைத் என்ற ஊரில் படகு கட்டும் நிறுவனத்தில் பயிற்சிப் பணியாளராக இருந்தபோது, உணவகத்தில் சக தொழிலாளர்கள் முன் முதல்முறை வித்தை காட்டினார். பயத்தில் எல்லாமே சொதப்பியது, எல்லோரும் சிரித்தார்கள் என்பது அவரே சொல்லிவந்த கதை. இரண்டாம் உலகப்போரில் எகிப்துக்குப் போனார். கெய்ரோவில் படைவீரர்களுக்கான நிகழ்ச்சியில் தன் வெயில் தொப்பியை மறந்துவிட்டு, அந்த வழியே போன பரிசாரகரின் தலையிலிருந்த சிவப்புத் துருக்கிக் குல்லாயை எடுத்து மாட்டிக்கொண்டாராம். ஆறடிக்கு மேல் நாலைந்து அங்குல உயரம், தட்டு மாதிரிப் பெரிய கைகள், மேலே சிறு குல்லாய். வாயைத் திறக்கும் முன்பே சபை சிரித்துவிடும் தோற்றம் அப்படி உருவானது.

கூப்பரின் புகழ்பெற்ற உருப்படி புட்டியும் கிளாஸும். மேஜிக் கடைகளில் காசு கொடுத்தால் யாருக்கும் கிடைக்கும் சாதாரண வித்தை அது: இரண்டு குழாய்களால் மூடினால் புட்டியும் கிளாஸும் இடம் மாற வேண்டும். கூப்பர் செய்யும்போது எது புட்டி, எது கிளாஸ் என்று சொல்லிக்கொண்டே குழம்புவார். குழாய்களை மாற்றி மாற்றி வைப்பார். எதிர்பாராத இடத்தில் ஒரு புட்டி முளைக்கும். அதை மறைக்கப் போனால் இன்னொன்று. கடைசியில் மேசை முழுக்கப் புட்டிகள். பார்ப்பவர் மனதில் பதிவது வித்தை கைநழுவிப்போன ஆளின் தவிப்பு. ஆனால் நிதானமாக யோசித்தால் ஒன்று விளங்கும்: அத்தனை புட்டிகள் எங்கிருந்து வந்தன என்று அங்கே ஒருவருக்கும் தெரியவில்லை. மேஜிக் முழுமையாக நடந்து முடிந்திருக்கிறது. சிரிப்பின் நடுவே அதைக் கவனிக்கத்தான் ஆள் இல்லை.

இதில்தான் தொழில்நுட்பம் இருக்கிறது. விழுந்து சிரிக்கும் மனிதர் அந்த நொடியில் எதையும் கூர்ந்து பார்ப்பதில்லை. இறுக்கம் உச்சத்துக்கு ஏறித் தளரும் அந்த இடைவெளியில்தான் கை தன் வேலையை முடிக்கும். ஸ்பெயின் நாட்டின் ஹுவான் தமாரிஸ் இதை ஒரு கோட்பாடாகவே வளர்த்து எழுதியவர். 1970களில் ஸ்பானியத் தொலைக்காட்சியில் கோமாளித் தொப்பியும் கலைந்த முடியுமாக வந்து, வித்தை பலித்ததும் கையில் இல்லாத வயலினை வாசித்துக் கொண்டாடுவார். தோற்றம் கிறுக்கர், சீட்டுக் கையாளுவதில் உலகின் தலைசிறந்த சிலருள் ஒருவர். சர்க்கஸில் பார் விளையாடும்போது தவறித் தவறி விழும் பபூன்தான் அந்தக் குழுவிலேயே தேர்ந்த ஆட்டக்காரர் என்பதை நம்மூர் சர்க்கஸ் ரசிகர்கள் அறிவார்கள். சிரிப்பு மேஜிக்கும் அந்த வகைதான். கூப்பர் லண்டன் மேஜிக் சர்க்கிளின் உறுப்பினர். தடுமாற்றத்துக்கு நடுவே, யாரும் எதிர்பாராத நேரத்தில் ஒரு வித்தையை அப்பழுக்கில்லாமல் செய்து காட்டுவார். செய்த அவரே சபையைவிட அதிகமாக ஆச்சரியப்படுவார்.

மேடையில் தெரிந்த அலங்கோலத்துக்கும் அவர் வேலை செய்த முறைக்கும் சம்பந்தமே இல்லை. 2016இல் லண்டன் விக்டோரியா அண்டு ஆல்பர்ட் அருங்காட்சியகம் அவருடைய பொருட்களையும் ஆவணங்களையும் வாங்கியது. அவற்றுள் ஒன்று நகைச்சுவைத் துணுக்குகள் அடங்கிய கோப்பு அலமாரி. தலைப்புவாரியாக, அகர வரிசையில், நூலகர் அடுக்கியது போல இருந்தது. தன்னிச்சையாக வாயில் வந்ததைச் சொல்கிறார் என்று இங்கிலாந்து நம்பிய ஒவ்வொரு வரிக்கும் அங்கே ஓர் இடம் இருந்தது.

தோல்வியே உண்மைக்கு அத்தாட்சியாகிவிடும் விபரீதம் அமெரிக்காவில் 1973இல் நடந்தது. 'டுநைட் ஷோ' தொகுப்பாளர் ஜானி கார்சன் சிறுவயதில் நெப்ராஸ்காவில் 'தி கிரேட் கார்சோனி' என்ற பெயரில் மேஜிக் செய்தவர். மனோசக்தியால் கரண்டி வளைப்பதாகச் சொன்ன யூரி கெல்லர் ஆகஸ்ட் 1 அன்று நிகழ்ச்சிக்கு வந்தார். கார்சன் முன்கூட்டியே ஜேம்ஸ் ராண்டி என்ற மேஜிக் நிபுணரிடம் யோசனை கேட்டிருந்தார். ராண்டியின் அறிவுரை எளிமையானது: பொருட்களை நீங்களே கொண்டுவாருங்கள், நிகழ்ச்சிக்கு முன் கெல்லரின் ஆட்களை அவற்றின் அருகே விடாதீர்கள். இருபது நிமிடத்துக்கு மேல் கெல்லர் முயன்றார். ஒன்றும் நடக்கவில்லை. இன்று தன்னிடம் சக்தி சரியாக இல்லை என்றார்.

இதோடு கதை முடிந்தது என்றே ராண்டி நினைத்தார். நடந்தது வேறு. கெல்லரின் புகழ் மேலே போயிற்று. மேஜிக்காரரின் வித்தை எப்போதும் பலிக்கும், இவருக்குப் பலிக்கவில்லை, ஆகவே இவர் மேஜிக்காரர் அல்லர், இவரிடம் இருப்பது நிஜமான சக்தி என்று பார்த்தவர்களில் பலர் கணக்குப் போட்டார்கள். பாலன்டைன் சிரிப்புக்காக நம்பியிருந்த அதே தர்க்கம், இங்கே ஒருவரைச் சித்தராக்கிவிட்டது.

அதன் மறுபக்கம் 1984 ஏப்ரல் 15 ஞாயிறு இரவு தெரிந்தது. லண்டன் ஹர் மெஜஸ்டிஸ் அரங்கிலிருந்து ஐடிவியில் நேரலையாக வந்த பல்சுவை நிகழ்ச்சி. தொகுப்பாளர் ஜிம்மி டார்பக். கூப்பருக்கு வயது 63. ஏழு ஆண்டுகளுக்கு முன் ரோமில் ஒருமுறை மாரடைப்பு வந்து பிழைத்தவர். அன்றைய உருப்படிக்கு உதவியாளர் அவருக்குப் பெரிய அங்கியை மாட்டிவிட்டார். திரைக்குப் பின்னால் டார்பக் ஒளிந்துகொண்டு, கூப்பரின் கால்களுக்கிடையே வழியாகப் பொருள் பொருளாக நீட்டுவார், அங்கிக்குள்ளிருந்து அவை வருவதாகக் கூப்பர் காட்டுவார் என்பது ஏற்பாடு. ஆனால் அங்கி மாட்டிய சற்று நேரத்தில் கூப்பர் அப்படியே சரிந்து, திரையில் சாய்ந்து உட்கார்ந்தார். சபை வெடித்துச் சிரித்தது. உதவியாளரும் புன்னகைத்தார். டார்பக்கும் இது கூப்பர் புதிதாகச் சேர்த்த ஏதோ ஒன்று என்றே நினைத்தார். மூச்சுத் திணறிய நேரம் முழுதும் சிரிப்பு தொடர்ந்தது. பிறகு வாத்தியக் குழுவுக்குச் சைகை போனது; விளம்பர இடைவேளை முன்னதாகவே போடப்பட்டது. திரைக்குப் பின்னால் அவரைக் காப்பாற்ற முயன்றுகொண்டிருக்க, திரைக்கு முன்னால் அடுத்த கலைஞர்கள் வந்து தங்கள் உருப்படியைச் செய்தார்கள். வெஸ்ட்மின்ஸ்டர் மருத்துவமனைக்குக் கொண்டுபோனபோது உயிர் இல்லை.

அந்தச் சபையைக் குறை சொல்ல முடியாது. கூப்பர் மேடையில் எது பிசகினாலும் அது வேண்டுமென்றே பிசகியது என்று முப்பது ஆண்டுகளுக்கு மேல் அவரே அவர்களைப் பழக்கியிருந்தார்.

மூன்று ஆண்டுகள் கழித்து பால் டேனியல்ஸ் இதே எல்லையில் நின்று விளையாடினார். 1979 முதல் 1994 வரை பிபிசியில் அவருடைய மேஜிக் நிகழ்ச்சி ஓடியது. வாய்ச்சவடாலும் கைத்திறனும் சமமாகக் கலந்தவர், ஒற்றைக் கோப்பையும் பந்தும் வைத்து அவர் செய்த செப்படி வித்தையை இன்றும் பாடமாகப் பார்க்கிறார்கள். 1987 ஹாலோவீன் இரவில் ஆணிகள் பதித்த பெட்டிக்குள் அவரைப் பூட்டினார்கள். அவர் தப்பிக்கும் முன்பே கதவு அறைந்து மூடியது. அரங்கிலிருந்தவர்களை வெளியேறச் சொன்னார்கள். இசையே இல்லாமல் பெயர்ப்பட்டியல் ஓடியது. பதறிப்போய் பிபிசிக்குத் தொலைபேசியவர்கள் பலர். டேனியல்ஸ் நலமாக இருக்கிறார் என்று பிறகு தெரிவித்தார்கள். சர்க்கார் முப்பத்தோரு ஆண்டுகளுக்கு முன் செய்ததையே திட்டமிட்டுச் செய்தார் என்று இதைச் சொல்லலாம். ஆனால் கூப்பர் இறந்ததை நேரலையில் பார்த்த ஒரு நாட்டில் இந்த விளையாட்டு ரசனைக்குரியதாக இருந்தது என்று சொல்ல மனம் வரவில்லை.

இதைவிட நயமான வழியைப் பென், டெல்லர் என்ற அமெரிக்க இரட்டையர் கண்டார்கள். செப்படி வித்தையைக் கண்ணாடி போலத் தெரியும் பிளாஸ்டிக் கோப்பைகளால் செய்து, பந்து எங்கே போகிறது என்று காட்டிக்கொண்டே ஏமாற்றியவர்கள் அவர்கள். 'சாட்டர்டே நைட் லைவ்' நிகழ்ச்சியின் 1985-86 பருவத்தில் இருவரும் ஒரு மேசையின் பின்னால் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து வித்தை காட்டினார்கள். பொருட்கள் கையைவிட்டு மேலே பறந்தன. அரங்கில் சிரிப்பு அடங்கவே இல்லை. இதில் இவ்வளவு சிரிக்க என்ன இருக்கிறது என்று வீட்டிலிருப்பவர்கள் குழம்பியிருப்பார்கள். முடிவில் காட்சி சுழன்றது. இருவரும் தலைகீழாகக் கட்டப்பட்டுத் தொங்கிக்கொண்டிருந்தார்கள்; கேமராவும் தலைகீழ். மேலே பறந்ததெல்லாம் கீழே விழுந்ததுதான். அரங்கில் இருந்தவர்களுக்கு முதல் நொடியிலிருந்தே எல்லாம் தெரியும். எந்தக் கேமரா தந்திரம் இல்லை என்று மார்க் வில்சன் வாரந்தோறும் சத்தியம் செய்தாரோ, அந்தத் தந்திரத்தையே உருப்படியாக்கி, அதையும் இரண்டு சபைகளுக்கு இரண்டு விதமாகக் காட்டிவிட்டு, தலைக்கு ஏறிய ரத்தத்தோடு அவர்கள் கட்டவிழ்த்துக்கொண்டு இறங்கினார்கள்.